கருவியைக் கொடுப்பவர் செய்து காட்டவும் வேண்டும்

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

எந்த பிபி மிஷின் வாங்கலாம், எந்த குளுக்கோமீட்டர் நல்லது என்று பத்திரிகைகளில் நிறைய எழுதுகிறார்கள். உங்கள் பத்திரிகையிலும் வருகிறது, நல்லதுதான். ஆனால் வாங்கி வந்த பிறகு அதை எப்படிக் கட்டுவது, எங்கே குத்துவது, எதில் அளப்பது, பயன்படுத்தி முடித்ததை எங்கே போடுவது என்பதையெல்லாம் யாரும் அவ்வளவாக எழுதுவதில்லை. நான் வீடுகளுக்குப் போய் நோயாளிகளைப் பார்த்துக்கொள்ளும் செவிலியர். பிபி மிஷின், சுகர் மிஷின், இன்ஹேலர், மருந்தைப் புகையாக்கித் தரும் நெபுலைசர், விரலில் மாட்டும் ஆக்சிமீட்டர் என்று இப்போது ஒவ்வொரு வீட்டிலும் ஏதாவது ஒன்று இருக்கிறது, பல வீடுகளில் எல்லாமே இருக்கின்றன. அவற்றைத் தவறாகப் பயன்படுத்துகிறவர்களை நான் குறை சொல்லமாட்டேன், ஏனென்றால் கேட்டால் எல்லோரும் சொல்லும் பதில் ஒன்றுதான்: “யாரும் காட்டித் தரவில்லை.” பெட்டிக்குள் பொடி எழுத்தில் ஒரு தாள் இருக்கும், அதைப் பிரித்துப் படித்தவர்கள் குறைவு, படித்தும் புரியாதவர்கள் அதிகம்.

இது சின்ன விஷயமில்லை என்பதற்கு ஒரே காரணம் போதும். வீட்டில் எடுத்த எண்ணைத்தான் நோட்டில் எழுதிக்கொண்டு போய் டாக்டரிடம் காட்டுகிறோம், அவர் அதைப் பார்த்து மாத்திரையைக் கூட்டுகிறார் அல்லது குறைக்கிறார். எண் தப்பாக இருந்தால் மருந்தும் தப்பாகப் போகும். டாக்டர் எவ்வளவு கெட்டிக்காரராக இருந்தாலும் அந்த எண் எப்படி எடுக்கப்பட்டது என்று அவருக்கு நோட்டைப் பார்த்துத் தெரியாது.

பிபியையே எடுத்துக்கொள்வோம். மாடிப்படி ஏறி வந்த கையோடு, சட்டைக் கைக்கு மேலேயே பட்டையைச் சுற்றி, கட்டிலில் காலைத் தொங்கவிட்டு உட்கார்ந்து, போனில் பேசிக்கொண்டே பட்டனை அமுக்குகிறார்கள். 150 வருகிறது. பதறிப்போய் உடனே மறுபடி அமுக்குகிறார்கள், 158 வருகிறது. அந்தப் பதற்றத்தில் ஒரு மாத்திரையைக் கூடுதலாகப் போட்டுக்கொள்பவர்களும் இருக்கிறார்கள். சரியாகப் பார்ப்பது எப்படி? பார்ப்பதற்கு அரை மணி நேரம் முன்பிருந்து காபி, டீ, புகை, உடற்பயிற்சி வேண்டாம். சிறுநீர் கழித்துவிட்டு வந்து, முதுகு சாய்ந்திருக்கிற மாதிரி நாற்காலியில் உட்கார்ந்து, இரண்டு பாதமும் தரையில் படும்படி வைத்து, கால் மேல் கால் போடாமல் ஐந்து நிமிடம் பேசாமல் இருக்க வேண்டும். பட்டை வெறும் கையில், முழங்கை மடிப்புக்கு இரண்டு மூன்று சென்டிமீட்டர் மேலே. கையை மேஜை மேல் வைத்து, பட்டை கட்டிய இடம் நெஞ்சின் மட்டத்துக்கு வருகிற மாதிரி பார்த்துக்கொள்ள வேண்டும். ஒரு நிமிட இடைவெளியில் இரண்டு முறை பார்த்து, இரண்டையும் எழுத வேண்டும்.

கையை எங்கே வைத்தால் என்ன என்று கேட்பவர்கள் உண்டு. கை நெஞ்சுக்குக் கீழே இறங்க இறங்க, அந்த உயரத்துக்கு உள்ள ரத்தத்தின் எடையும் சேர்ந்து அழுத்தமாகக் காட்டும், 10 சென்டிமீட்டர் இறங்கினால் கிட்டத்தட்ட 8 புள்ளி. 2024-இல் அமெரிக்காவின் ஜான்ஸ் ஹாப்கின்ஸ் பல்கலைக்கழகத்தினர் இதையே ஆட்களை வைத்து அளந்து பார்த்தார்கள். கையை மடியில் வைத்துப் பார்த்தபோது மேல் எண் சுமார் 4 புள்ளியும், பக்கத்தில் தொங்கவிட்டபோது 6 புள்ளிக்கு மேலும் கூடுதலாகக் காட்டியது. எல்லையில் இருக்கும் ஒருவரை ரத்த அழுத்த நோயாளி என்று முத்திரை குத்த இந்த ஆறு புள்ளி போதும். வீட்டில் பார்க்கும்போது 135/85-க்கு மேல் தொடர்ந்து இருந்தால்தான் அதிகம் என்று எடுத்துக்கொள்வார்கள், ஆஸ்பத்திரியில் பார்த்தால் 140/90. இந்த வித்தியாசமே பலருக்குத் தெரியாது.

அப்புறம் பட்டையின் அளவு. கை பருமனானவர்களுக்குச் சின்னப் பட்டையை இழுத்துப் பிடித்துக் கட்டினால் இல்லாத பிபி இருப்பதாகக் காட்டும், ஒல்லியான கைக்குப் பெரிய பட்டை கட்டினால் குறைவாகக் காட்டும். பெட்டியோடு வரும் பட்டை எல்லோருக்கும் பொருந்தாது. எத்தனை சென்டிமீட்டர் சுற்றளவு உள்ள கைக்கு என்று பட்டையிலேயே போட்டிருப்பார்கள், வாங்கும்போதே மேல்கையை டேப்பால் அளந்து பார்த்துவிடலாம். இன்னொன்று, வீட்டு மிஷின்கள் பெரும்பாலும் ஸ்டெதஸ்கோப் மாதிரி சத்தத்தைக் கேட்பவை அல்ல. பட்டைக்குள் இருக்கும் காற்றில் நாடித்துடிப்பு எழுப்பும் சின்னச் சின்ன அதிர்வுகளை வைத்துத்தான் கணக்குப் போடுகின்றன. அதனால்தான் கையை ஆட்டினாலும் பேசினாலும் குழம்புகின்றன. இதயத்துடிப்பு ஒழுங்கில்லாமல் இருப்பவர்களுக்கு இந்த எண்ணை அப்படியே நம்ப முடியாது, அவர்கள் டாக்டரிடம் கேட்டுக்கொள்ள வேண்டும். மேல் எண் 180-ஐயோ கீழ் எண் 120-ஐயோ தாண்டி, கூடவே நெஞ்சுவலி, மூச்சுத்திணறல், பேச்சுக் குழறல், ஒரு பக்கம் கை கால் பலம் இழப்பது என்று ஏதாவது இருந்தால் மறுபடி மறுபடி பட்டனை அமுக்கிக்கொண்டிருக்காமல் உடனே ஆஸ்பத்திரிக்குக் கிளம்ப வேண்டும்.

சுகர் மிஷினில் நடக்கும் பெரிய தவறு கை கழுவாமல் குத்துவது. பழம் உரித்த விரலில் ஒட்டியிருக்கும் சர்க்கரை கண்ணுக்குத் தெரியாது, ஆனால் எண்ணை ஏகமாக ஏற்றிவிடும். சோப்புப் போட்டுக் கழுவி நன்றாகத் துடைத்துவிட்டுக் குத்த வேண்டும், ஈரம் இருந்தால் ரத்தம் நீர்த்து எண் மாறும். விரல் நுனியின் நடுவில் குத்தாமல் பக்கவாட்டில் குத்தினால் வலி குறைவு. ரத்தம் வரவில்லை என்று விரலைப் பிழிந்து பிழிந்து எடுப்பதும் கூடாது, ரத்தத்தோடு திசுநீரும் கலந்துவிடும், அதற்குப் பதில் கையைக் கீழே தொங்கவிட்டு உள்ளங்கையிலிருந்து விரல் பக்கமாக மெதுவாகத் தடவிவிடலாம். ஸ்ட்ரிப் டப்பாவைத் திறந்தபடி வைத்தால் காற்றின் ஈரம் பட்டு ஸ்ட்ரிப்பில் உள்ள மருந்து கெட்டுவிடும், காலாவதி தேதி தாண்டியதும் அப்படித்தான்.

இன்னொன்றையும் சொல்ல வேண்டும், இது பலரின் நிம்மதிக்காக. ஐஎஸ்ஓ 15197 என்ற சர்வதேசத் தரம் 2013-இல் சொன்னபடி, ஒரு மிஷின் நூற்றுக்கு 95 தடவை, சர்க்கரை 100-க்குக் கீழே இருந்தால் 15 மில்லிகிராம் கூடக்குறையவும், 100-க்கு மேல் இருந்தால் 15 சதவீதம் கூடக்குறையவும் காட்டினால் போதும், தேறிவிடும். அதாவது உண்மையான அளவு 200 என்றால் மிஷின் 170 காட்டினாலும் 230 காட்டினாலும் அது பழுதில்லை. ஒரு விரலில் 182, அடுத்த விரலில் 196 என்று வந்ததற்காக மிஷினைத் தூக்கிப் போட்டவர்களும், ராத்திரி முழுக்கத் தூங்காதவர்களும் இருக்கிறார்கள். ஒற்றை எண்ணைப் பார்த்துப் பயப்பட வேண்டாம், பல நாள் எண்கள் எந்தப் பக்கம் போகின்றன என்பதைப் பார்க்க வேண்டும். ஆனால் 70-க்குக் கீழே வந்தால் யோசிக்க நேரமில்லை. நினைவோடு இருப்பவருக்கு 15 கிராம் சர்க்கரையைத் தண்ணீரில் கரைத்துக் கொடுத்து, 15 நிமிடம் கழித்து மறுபடி பார்க்க வேண்டும். மயங்கிக் கிடப்பவர் வாயில் எதையும் ஊற்றவே கூடாது, மூச்சுக்குழாயில் போய்விடும்.

எனக்கு உண்மையிலேயே பயம் தருவது இன்சுலின் சிரிஞ்ச். குப்பியில் வரும் இன்சுலின் இரண்டு அடர்த்தியில் இருக்கிறது. ஒரு எம்.எல்.லில் 40 யூனிட் உள்ளது ஒன்று, 100 யூனிட் உள்ளது இன்னொன்று. பல நாடுகள் முழுக்க 100-க்கு மாறிவிட்டன, சில நாடுகளில் இரண்டும் புழங்குகின்றன. இரண்டுக்கும் தனித்தனி சிரிஞ்ச் உண்டு, வழக்கமாக 40-க்கு உள்ளதில் சிவப்பு மூடி, 100-க்கு உள்ளதில் ஆரஞ்சு மூடி. பார்ப்பதற்கு இரண்டும் ஒன்றுபோலவே இருக்கும். ஒருவருக்கு 20 யூனிட் போட வேண்டும் என்று வைத்துக்கொள்ளுங்கள். 100 அடர்த்தி குப்பியிலிருந்து 40 சிரிஞ்சில் 20 என்ற கோடு வரை இழுத்தால் உள்ளே வருவது அரை எம்.எல்., அதாவது 50 யூனிட். இரண்டரை மடங்கு. சர்க்கரை சட்டென்று இறங்கி ஆள் எழுந்திருக்காமலே போகலாம். இதை மாற்றிச் செய்தால், 40 குப்பியை 100 சிரிஞ்சில் எடுத்தால், 20 என்று நினைத்துப் போட்டது வெறும் 8 யூனிட், “ஊசி போட்டும் சர்க்கரை இறங்கவே இல்லை” என்று டாக்டர் அளவைக் கூட்டுவார், பிறகு ஒரு நாள் சரியான சிரிஞ்ச் கைக்கு வரும்போது அந்தக் கூட்டிய அளவு முழுசாக உள்ளே போகும். கடையில் அந்த சிரிஞ்ச் தீர்ந்துவிட்டது, இது இருக்கிறது என்று எடுத்துக் கொடுக்கும் ஒரு நொடியில் இது நடந்துவிடுகிறது. குப்பியில் உள்ள எண்ணும் சிரிஞ்சில் உள்ள எண்ணும் ஒன்றா என்று ஒவ்வொரு முறையும் பார்க்க வேண்டும், கொடுப்பவரும் பார்க்க வேண்டும்.

இன்சுலின் பேனா வைத்திருப்பவர்களுக்கு இந்தக் குழப்பம் இல்லை, ஆனால் வேறு தவறுகள் இருக்கின்றன. வீட்டில் இரண்டு பேருக்குச் சர்க்கரை, ஊசியை மட்டும் மாற்றிக்கொண்டு ஒரே பேனாவைப் பயன்படுத்துகிறார்கள். கூடாது. குத்தும்போது ரத்தம் துளியூண்டு பின்வாங்கி மருந்துக் குழலுக்குள் போக முடியும், அது கண்ணுக்குத் தெரியாது. விரலில் குத்தும் பேனாவையும் அப்படிப் பகிரக் கூடாது. கல்லீரலைத் தாக்கும் ஹெபடைடிஸ் பி வைரஸ் உடம்புக்கு வெளியே, காய்ந்த ரத்தத்தில்கூட ஏழு நாளாவது உயிரோடு இருக்கும். அது புருஷன் பெண்டாட்டி, தாய் பிள்ளை என்று பார்க்காது. அப்புறம் ஒவ்வொரு முறையும் இரண்டு யூனிட்டை வெளியே தட்டிப் பார்த்துவிட்டு, பிறகு அளவை வைத்து, குத்தி, பட்டனை முழுக்க அமுக்கியபடியே பத்து வரை எண்ணிவிட்டு எடுக்க வேண்டும், அவசரப்பட்டு உருவினால் மருந்து வெளியே சொட்டிவிடும். 4 மில்லிமீட்டர் ஊசி பெரியவர்களுக்குப் போதும், பருமனானவர்களுக்கும் போதும். பால்போல் கலங்கலாக இருக்கும் இன்சுலினை உள்ளங்கைகளுக்கு நடுவே உருட்டி, மேலும் கீழும் மெதுவாகச் சாய்த்து, ஒரே சீரான வெண்மை வந்த பிறகுதான் போட வேண்டும்.

இடம் மாற்றுவது இன்னும் முக்கியம். வலிக்காத ஒரு இடத்தைக் கண்டுபிடித்து வருஷக்கணக்காக அங்கேயே குத்திக்கொள்பவர்களின் வயிற்றைத் தடவிப் பார்த்தால் தோலுக்கு அடியில் பஞ்சு உருண்டை மாதிரி தட்டுப்படும். அந்தக் கட்டியில் குத்தினால் வலி இருக்காது, அதனாலேயே மறுபடி அங்கேயே போகிறார்கள். ஆனால் அங்கே போட்ட இன்சுலின் ஒரு நாள் ஏறும், ஒரு நாள் ஏறாது. சர்க்கரை ஏன் இப்படி ஏறி இறங்குகிறது என்று சாப்பாட்டைத் திட்டிக்கொண்டிருப்பார்கள், காரணம் அந்தக் கட்டியில் இருக்கும். முந்தைய இடத்திலிருந்து ஒரு விரல் அகலமாவது தள்ளிக் குத்திக்கொண்டே போக வேண்டும், கட்டி இருக்கும் இடத்தைத் தொடவே கூடாது, ஒரு நாள் சட்டையை விலக்கி டாக்டரிடம் காட்டிவிட வேண்டும். கட்டியை விட்டு நல்ல இடத்துக்கு மாறும்போது அதே அளவு மருந்து வேகமாக வேலை செய்து சர்க்கரை இறங்கக்கூடும் என்பதால் சொல்லாமல் மாற்றுவதும் சரியில்லை.

குத்திய ஊசி எங்கே போகிறது? பெரும்பாலான வீடுகளில் நேராகக் குப்பைக் கூடைக்கு. பாலிதீன் பையைக் கையால் அள்ளுபவரின் விரலில் அது ஏறும். அவருக்கு அந்த ஊசி யாருடையது, அந்த ஆளுக்கு என்ன நோய் என்று எதுவும் தெரியாது, பரிசோதனை முடிவு வரும் வரை மாதக்கணக்கில் பயத்தோடு இருக்க வேண்டும். உலக சுகாதார நிறுவனத்தின் கணக்குப்படி 2000-ஆம் ஆண்டில் மட்டும் பாதுகாப்பில்லாத ஊசிகளால் உலகம் முழுக்க 2 கோடியே 10 லட்சம் பேருக்கு ஹெபடைடிஸ் பி, 20 லட்சம் பேருக்கு ஹெபடைடிஸ் சி, 2 லட்சத்து 60 ஆயிரம் பேருக்கு எச்ஐவி தொற்றியது. அது பெரும்பாலும் ஒருவருக்குப் போட்ட ஊசியை இன்னொருவருக்குப் போட்டதால் வந்தது, இருந்தாலும் ஒரு ஊசி முனையால் எவ்வளவு முடியும் என்பதை அது சொல்லும். கெட்டியான பிளாஸ்டிக் டப்பா ஒன்றில், சலவைத் திரவம் வந்த பாட்டில்கூடப் போதும், மேலே “ஊசி” என்று எழுதி, குத்தியவுடன் மூடி போட முயலாமல் அதற்குள் போட்டு, முக்கால் நிரம்பியதும் இறுக மூடி, மருத்துவக் கழிவை வாங்கிக்கொள்ளும் இடத்தில் கொடுக்க வேண்டும். மூடியைத் திரும்பப் போடும்போதுதான் பலருக்குக் கையில் குத்துகிறது.

குழந்தைகளின் காய்ச்சல் மருந்தைப் பற்றி எவ்வளவு எழுதினாலும் எனக்குத் தீராது. பாராசிட்டமால் சொட்டு மருந்தும் சிரப்பும் ஒன்று என்று நினைக்கிறார்கள், சொட்டு மருந்து சின்னக் குழந்தைக்கு என்பதால் வீரியம் குறைவு என்றும் நினைக்கிறார்கள். நேர்மாறு. சொட்டு மருந்தில் பொதுவாக ஒரு எம்.எல்.லில் 100 மில்லிகிராம் இருக்கிறது, சிரப்பில் 5 எம்.எல்.லில் 120 அல்லது 125, இன்னொரு சிரப்பில் 5 எம்.எல்.லில் 250. பத்து கிலோ எடையுள்ள குழந்தைக்கு ஒரு வேளைக்கு, கிலோவுக்கு 15 மில்லிகிராம் கணக்கில், அதிகபட்சம் 150 மில்லிகிராம். அது சொட்டு மருந்தில் ஒன்றரை எம்.எல்., 250 சிரப்பில் 3 எம்.எல்., 120 சிரப்பில் 6 எம்.எல். கொஞ்சம் கூடுதல். போன தடவை சிரப் வாங்கியபோது “5 எம்.எல். கொடுங்கள்” என்று சொன்னது ஞாபகத்தில் இருக்க, இந்தத் தடவை கையில் இருக்கும் சொட்டு மருந்தில் 5 எம்.எல். கொடுத்தால் 500 மில்லிகிராம் போய்விடும். காய்ச்சல் விடவில்லை என்று அதையே நாலு தடவை, இரண்டு மூன்று நாள் கொடுத்தால் கல்லீரலைக் கெடுத்துவிடும். பெற்றோர் எல்லோரும் கேட்டு வைத்துக்கொள்ள வேண்டியது இரண்டு விஷயம்: எத்தனை எம்.எல். என்பதோடு, எந்த வீரியமுள்ள மருந்தில் அந்த எம்.எல். என்பது. ஒரு வேளைக்கும் அடுத்த வேளைக்கும் குறைந்தது நாலு மணி நேரம், ஒரு நாளில் நாலு முறைக்கு மேல் வேண்டாம். சளி மருந்திலும் பாராசிட்டமால் கலந்திருக்கலாம், லேபிளைப் பார்க்காமல் இரண்டையும் சேர்த்துக் கொடுக்கக் கூடாது.

அளப்பதற்குச் சமையலறை ஸ்பூன் வேண்டவே வேண்டாம். ஒரு வீட்டு ஸ்பூன் 3 எம்.எல். பிடிக்கும், இன்னொன்று 7 பிடிக்கும். மருந்தோடு வரும் மூடி, அல்லது அதைவிட நல்லது ஊசி இல்லாத வாய்வழி சிரிஞ்ச். அதைக் கன்னத்தின் உள்பக்கமாக வைத்து மெதுவாக விட வேண்டும், தொண்டைக்குள் பீய்ச்சக் கூடாது. சிரிஞ்சின் முனையில் குட்டி மூடி இருந்தால் அதை முதலிலேயே கழற்றி எறிந்துவிடுங்கள், மருந்தோடு சேர்ந்து தொண்டையில் போய்க் குழந்தைகளுக்கு மூச்சடைத்த சம்பவங்கள் மருத்துவ ஏடுகளில் பதிவாகியிருக்கின்றன.

இன்ஹேலருக்கு வருகிறேன். அழுத்தி இழுக்கும் வகை 1956-இல் வந்த கருவி, இன்றுவரை இதை முறையாக இழுக்கத் தெரியாதவர்கள்தான் அதிகம். அழுத்தியதும் மருந்து மிக வேகமாகப் பாயும், அதற்கு ஒத்து மூச்சை இழுக்காவிட்டால் பெரும்பகுதி நாக்கிலும் தொண்டையிலும் படிந்துவிடும், நுரையீரலுக்குக் கொஞ்சம்தான் போகும். நன்றாகக் குலுக்கி, மூச்சை முழுக்க வெளியே விட்டு, உதட்டால் இறுக்கிக்கொண்டு, மெதுவாக இழுக்கத் தொடங்கும்போது ஒரு முறை அழுத்தி, தொடர்ந்து மெதுவாக ஆழமாக இழுத்து, பத்து வரை எண்ணும் அளவுக்கு மூச்சை அடக்க வேண்டும். இரண்டு பஃப் என்றால் இரண்டையும் ஒன்றாக அடிக்கக் கூடாது, ஒவ்வொன்றாக. ஸ்பேசர் என்ற குழல் இருந்தால் இந்த ஒத்திசைவுத் தொல்லையே இல்லை, பெரியவர்களும் வைத்துக்கொள்ளலாம், அதில் வெட்கப்பட ஒன்றுமில்லை. பொடி வகை இன்ஹேலர் இதற்கு எதிர்: அதில் மூச்சை மெதுவாக இழுத்தால் பொடி வராது, வேகமாகவும் ஆழமாகவும் இழுக்க வேண்டும், அதற்குள் மூச்சை ஊதவும் கூடாது, ஈரமாகிவிடும். ஒரு வகையிலிருந்து இன்னொரு வகைக்கு மாற்றி எழுதிக் கொடுக்கும்போது இந்த வித்தியாசத்தை யார் சொல்கிறார்கள்? ஸ்டீராய்டு உள்ள இன்ஹேலர் என்றால் இழுத்த பிறகு வாயைக் கொப்பளித்துத் துப்ப வேண்டும், இல்லாவிட்டால் வாயில் வெள்ளை படியும். இன்ஹேலர் பழகிவிடும், அதனால் மாத்திரையே மேல் என்ற பயம் இன்னும் இருக்கிறது. ஒரு பஃப்பில் இருக்கும் சால்பியுட்டமால் (மூச்சுக்குழாயை விரிக்கும் மருந்து) 100 மைக்ரோகிராம், அதே மருந்தின் 4 மில்லிகிராம் மாத்திரையில் இருப்பது அதைப்போல 40 மடங்கு. எது உடம்பெல்லாம் பரவி நெஞ்சு படபடப்பைக் கொண்டுவரும் என்று யோசித்துப் பாருங்கள்.

நெபுலைசர் வைத்திருப்பவர்கள் அதன் கிண்ணத்தையும் முகமூடியையும் ஒவ்வொரு முறையும் பிரித்துக் கழுவி, காற்றில் முழுக்கக் காயவிட வேண்டும். ஈரத்தோடு பைக்குள் வைத்தால் கிருமி வளரும், அடுத்த முறை அதையே புகையாக நுரையீரலுக்குள் அனுப்புவோம். மருந்தில் குழாய்த் தண்ணீர் கலக்கக் கூடாது, கிருமி நீக்கிய உப்புநீர் மட்டும்தான்.

கொரோனாவுக்குப் பிறகு விரலில் மாட்டும் ஆக்சிமீட்டர் வீட்டுப் பொருளாகிவிட்டது. ஜப்பானைச் சேர்ந்த தகுவோ அயோயாகி என்ற பொறியாளர் 1970-களின் தொடக்கத்தில் கண்டுபிடித்த முறை இது, ஊசி குத்தாமல் வெளிச்சத்தை வைத்தே ரத்தத்தின் ஆக்சிஜனைச் சொல்கிறது. நல்ல கருவி, ஆனால் விரல் ஜில்லென்று இருந்தாலோ நகப்பூச்சு இருந்தாலோ கை நடுங்கினாலோ தப்பாகக் காட்டும். மாட்டியவுடன் வரும் எண்ணைப் படிக்காமல், எண் ஓரிடத்தில் நிலைக்கும்வரை பொறுக்க வேண்டும். தோல் கருமையாக உள்ளவர்களுக்கு இருப்பதைவிட அதிகமாகக் காட்டக்கூடும். 2020-இல் அமெரிக்காவில் வெளியான ஆய்வில், ஆக்சிஜன் குறைந்திருந்தும் கருவி அதைத் தவறவிட்டது வெள்ளையர்களைவிடக் கறுப்பினத்தவர்களிடம் கிட்டத்தட்ட மூன்று மடங்கு அதிகம் என்று தெரிந்தது. அதனால் எண் 96 என்று இருந்தாலும் ஆள் மூச்சு வாங்கினால், உதடு நீலம் பூத்தால், குழப்பமாகப் பேசினால், ஆளைத்தான் நம்ப வேண்டும். அறையில் புகை மூட்டமாகி கார்பன் மோனாக்சைடு ஏறியவருக்கும் இந்தக் கருவி எண்ணை நன்றாகத்தான் காட்டும், ஏமாந்துவிடக் கூடாது.

வீட்டில் ஆக்சிஜன் வைத்திருப்பவர்களுக்கு இரண்டு வார்த்தை. நாள்பட்ட நுரையீரல் அடைப்பு நோய் உள்ளவர்களுக்கு 88-லிருந்து 92 வரை இருப்பதே போதும் என்று டாக்டர்கள் வைத்திருப்பார்கள், “பாவம், 90-தானே இருக்கிறது” என்று வீட்டார் அளவைத் திருகிக் கூட்டிவிட்டால் கரியமில வாயு உடம்பில் தேங்கி அரைமயக்கத்துக்குப் போய்விடுவார்கள். அன்பில் செய்வதுதான், ஆனால் ஆபத்து. ஆக்சிஜன் ஓடும் அறையில் சிகரெட், விளக்கு, அடுப்பு எதுவும் கூடாது, மூக்கு காய்கிறது என்று பெட்ரோலியம் ஜெல்லி தடவவும் கூடாது.

பாதரச தெர்மாமீட்டர் இன்னும் அலமாரிகளில் கிடக்கிறது. பாதரசத்தைக் கட்டுப்படுத்தும் மினமாட்டா என்ற சர்வதேச உடன்படிக்கையில் சேர்ந்த நாடுகள் அதன் தயாரிப்பையும் ஏற்றுமதி இறக்குமதியையும் 2020-க்குள் நிறுத்த ஒப்புக்கொண்டன, ஆனால் ஏற்கெனவே வாங்கியது வீட்டில்தானே இருக்கிறது. உடைந்தால் துடைப்பத்தால் பெருக்கக் கூடாது, வாக்குவம் கிளீனரும் கூடாது, இரண்டுமே பாதரசத்தை இன்னும் சிதறடித்து ஆவியாக்கும். குழந்தைகளை வெளியே அனுப்பி, ஜன்னலைத் திறந்து, கையில் உள்ள மோதிரத்தைக் கழற்றிவிட்டு, கையுறை போட்டுக்கொண்டு, கெட்டி அட்டையால் உருண்டைகளை ஒன்றுசேர்த்து, மூடியுள்ள பாட்டிலில் எடுக்க வேண்டும். டிஜிட்டல் தெர்மாமீட்டரில் அந்தக் கவலை இல்லை, ஆனால் அதில் பட்டன் பேட்டரி இருக்கிறது. குழந்தை அதை விழுங்கிவிட்டால் இரண்டே மணி நேரத்தில் உணவுக்குழாயை அரித்துவிடும், காலையில் பார்க்கலாம் என்று இருக்கவே கூடாது. சுடுதண்ணீர்ப் பையைப் பற்றி ஒரு வரி: பல வருஷமாகச் சர்க்கரை உள்ளவர்களின் பாதத்தில் உணர்ச்சி மங்கியிருக்கும், சூடு தெரியாமல் வெந்துவிடும், அவர்கள் காலுக்கு அதை வைக்கவே வேண்டாம்.

இவ்வளவையும் ஒருவர் தாளில் படித்துக் கற்றுக்கொள்வார் என்று நான் எதிர்பார்க்கவில்லை. கையால் செய்து காட்டி, பிறகு அவரையே செய்யச் சொல்லிப் பார்த்து, தப்பைத் திருத்தினால்தான் பதியும். ஒரு இன்ஹேலருக்கு ஐந்து நிமிடம், இன்சுலினுக்குப் பத்து நிமிடம் ஆகும். அந்த நேரத்தை ஒதுக்க யாருடைய வேலைப் பட்டியலிலும் இடமில்லை என்பதுதான் கோளாறு. டாக்டர் எழுதிக் கொடுக்கிறார், கடை விற்கிறது, கம்பெனி பெட்டியில் தாளை வைக்கிறது, நடுவில் காட்டித் தருவது யார் பொறுப்பு என்று யாரும் சொல்லவில்லை. என்னைக் கேட்டால், எழுதிக் கொடுக்கும் மருத்துவமனையில் ஒரு செவிலியரிடம் இந்த வேலையை ஒப்படைக்க வேண்டும், முதல் தடவை காட்டினால் போதாது, அடுத்தடுத்த வருகைகளிலும் “கருவியைக் கொண்டுவாங்க, எப்படிச் செய்றீங்கன்னு காட்டுங்க” என்று கேட்க வேண்டும். நன்றாகக் கற்றுக்கொண்டவர்களும் சில மாதத்தில் குறுக்குவழிக்குப் போய்விடுவதைப் பார்த்திருக்கிறேன். கடைக்காரரும் சிரிஞ்சை நீட்டும்போது குப்பி எது என்று ஒரு கேள்வி கேட்கலாம். உற்பத்தியாளர்கள் பெட்டிக்குள் தமிழில், பெரிய எழுத்தில், படத்தோடு ஒரே ஒரு பக்கம் வைத்தால் போதும்.

உங்களிடம் நான் கேட்பது, வாரம் ஒரு கட்டம். ஒரு கருவி, நாலு படம், படத்துக்கு ஒரு வரி, வெட்டி அலமாரிக் கதவில் ஒட்டிக்கொள்ளும் அளவில். ஒரு மருத்துவரும் ஒரு மருந்தாளுநரும் சரிபார்த்த பிறகு போடுங்கள். எந்த நிறுவனத்தின் விளம்பரமும் அந்தக் கட்டத்தின் பக்கத்தில் வேண்டாம், வந்தால் மக்கள் அதையும் விளம்பரம் என்று நினைத்துத் தாண்டிப் போய்விடுவார்கள். எதிலிருந்து தொடங்குவது என்று கேட்டால், குழந்தைகளின் சொட்டு மருந்தும் சிரப்பும் முதல் வாரம், 40 சிரிஞ்சும் 100 சிரிஞ்சும் இரண்டாவது வாரம். மற்றவற்றை எந்த வரிசையில் வேண்டுமானாலும் போடுங்கள், இந்த இரண்டு மட்டும் தள்ளிப்போக வேண்டாம்.

இப்படிக்கு,
வீட்டுப் பராமரிப்புச் செவிலியர் ஒருவர்